கரு வருமுன்னே தயாராகும் கர்ப்பப்பை

மாதாமாதம் போவது கெட்ட ரத்தம், உடம்பில் சேர்ந்த அழுக்கு என்று ராமநாதபுரம் கடற்கரையில் இன்னமும் சொல்கிறார்கள். தொண்டியிலிருந்து மூக்கையூர் வரை எந்த ஊரில் கேட்டாலும், பள்ளிக்கூடம் போன பிள்ளைகள்கூட அதைத்தான் சொல்வார்கள். அது தப்பு. ஒரு கரு வந்தால் அதை ஏற்று வளர்க்க வேண்டுமே என்று கர்ப்பப்பை பார்த்துப் பார்த்துச் செய்து வைத்த உட்சவ்வுதான், கரு வராத காரணத்தால் கலைந்து வெளியே வருகிறது. கூடவே வருவது உடம்பெங்கும் ஓடுகிற அதே ரத்தம். ஒரு மாதவிடாயில் சராசரியாக 30 முதல் 40 மில்லி போகும். 80 மில்லிக்கு மேல் போனால் அதிகம், டாக்டரைப் பார்க்க வேண்டும்.

இதை அழுத்திச் சொல்லக் காரணம் இருக்கிறது. ரத்தம் போகிற நாட்களையே பெரிய விஷயமாகப் பார்த்துப் பழகிவிட்டோம். சடங்கு, தீட்டு, ஒதுங்கி இருப்பது, தலைக்கு ஊற்றுவது எல்லாம் அந்த நாட்களைச் சுற்றித்தான். ஆனால் மாதச் சுழற்சி எதற்காக நடக்கிறதோ அந்த நாட்கள் வேறு. அவை பெரும்பாலும் மூன்றாவது வாரக் கடைசியில், வலியோ அடையாளமோ இல்லாமல் வந்து போகின்றன. நாலைந்து நாள்தான். கர்ப்பப்பை ஒரு கருவை ஏற்பது அப்போது மட்டும்தான். பிள்ளை இல்லை என்றும், நாள் தள்ளிப் போய்க் கலைந்துவிட்டது என்றும் பெண்கள் வாங்குகிற பேச்சில் பாதி, இந்த நாட்களைப் பற்றி வீட்டில் யாருக்கும் தெரியாததால் வருவது.

முதல் பாதி: சவ்வு எழும்புவது

கர்ப்பப்பையின் உட்சவ்வு இரண்டு அடுக்கு. தசையை ஒட்டிய அடி அடுக்கு எப்போதும் அப்படியே இருக்கும். மேல் அடுக்குதான் மாதாமாதம் வளர்ந்து கலைகிறது. ரத்தப்போக்கு நிற்கும் சமயத்தில் மொத்தச் சவ்வும் சில மில்லிமீட்டர்தான் இருக்கும். அடி அடுக்கில் தங்கிய சுரப்பிகளின் வேரிலிருந்து செல்கள் பெருகி, பச்சைப் புண்ணாகக் கிடக்கும் மேற்பரப்பை நாலைந்து நாளில் மூடிவிடுகின்றன. தழும்பே விழுவதில்லை. ஒரு பெண்ணின் வாழ்நாளில் இது நூற்றுக்கணக்கான தடவை நடக்கிறது. உடம்பில் வேறு எந்தப் புண்ணும் இப்படி ஆறுவதில்லை.

இதே நேரத்தில் மூளையின் அடியில் உள்ள பிட்யூட்டரி சுரப்பி எஃப்.எஸ்.எச். என்ற ஹார்மோனை அனுப்ப, சினைப்பையில் சில முட்டைப்பைகள் வளரத் தொடங்குகின்றன. அவற்றில் ஒன்று முந்திக்கொள்ளும், மற்றவை வாடிவிடும். முந்திய பை ஈஸ்ட்ரோஜனைச் சுரக்கிறது. உட்சவ்வை எழுப்புவது இந்த ஈஸ்ட்ரோஜன்தான். சுரப்பிகள் நீள்கின்றன, அவற்றுக்கு நடுவே சுருள் சுருளான சின்னத் தமனிகள் மேலேறுகின்றன. கருமுட்டை வெளியாகும் சமயத்தில் ஸ்கேன் எடுத்தால் சவ்வு பெரும்பாலும் 8 முதல் 12 மில்லிமீட்டர் காட்டும். ஈஸ்ட்ரோஜன் சத்தமில்லாமல் இன்னொரு வேலையும் செய்கிறது. அடுத்து வரப்போகும் புரோஜெஸ்டிரோனைப் பிடித்துக்கொள்ளும் ஏற்பிகளை அந்தச் செல்களில் உண்டாக்கிவிடுகிறது. அது நடக்காவிட்டால் புரோஜெஸ்டிரோன் எவ்வளவு வந்தாலும் பலன் இல்லை.

ஈஸ்ட்ரோஜன் உச்சத்துக்குப் போய் இரண்டு நாள் போல நிலைத்தால், பிட்யூட்டரி எல்.எச். ஹார்மோனை மொத்தமாகக் கொட்டுகிறது. அது தொடங்கி ஏறக்குறைய 36 மணி நேரத்தில் கருமுட்டை வெளியேறும்.

இரண்டாம் பாதி: குணம் மாறுவது

முட்டை போன பிறகு வெறும் பையாக நிற்பதுதான் இந்தக் கதையின் முக்கியமான ஆள். அது மஞ்சள் நிறத் திசுவாக மாறி, கார்பஸ் லூட்டியம் என்ற பெயரில் புரோஜெஸ்டிரோனைச் சுரக்க ஆரம்பிக்கிறது. 1929இல் அமெரிக்காவின் ரோச்செஸ்டரில் ஜார்ஜ் கார்னரும் வில்லார்ட் ஆலனும் சினை முயல்களிடமிருந்து இந்தத் திசுவை நீக்கினார்கள். கர்ப்பம் தங்கவில்லை. அதே திசுவின் சாற்றை ஊசியாகப் போட்டபோது தங்கியது. புரோஜெஸ்டிரோன் என்ற ஹார்மோன் தெரியவந்தது அந்த வழியில்தான்.

புரோஜெஸ்டிரோன் வந்ததும் சவ்வு தடிப்பது ஏறக்குறைய நின்றுவிடுகிறது, குணம் மாறத் தொடங்குகிறது. நேராக நின்ற சுரப்பிகள் வளைந்து நெளிந்து, உள்ளே சர்க்கரைச் சத்தை நிரப்பி, பிறகு அதைக் கர்ப்பப்பைக்குள் கசிய விடுகின்றன. கரு வந்தால் முதலில் குடிப்பது இதைத்தான். தாயின் ரத்தம் அதற்குக் கிடைக்கப் பல வாரங்கள் ஆகும். சவ்வின் நடுப்பகுதி நீர் கோத்து உப்புகிறது. சுருள் தமனிகளைச் சுற்றியுள்ள மெலிந்த செல்கள் உருண்டு திரண்டு, ஊட்டமும் காவலுமான வேறு வகைச் செல்களாக மாற ஆரம்பிக்கின்றன. நோய் எதிர்ப்புச் செல்களும் வந்து சேர்கின்றன. அவை கருவைத் தாக்க வருவதில்லை, நஞ்சுக்கொடி உருவாகும்போது ரத்தக் குழாய்களை விரித்துக் கொடுக்க வருகின்றன.

ஸ்கேன் ரிப்போர்ட்டைக் கையில் வைத்துக்கொண்டு மில்லிமீட்டர் கணக்கிலேயே கவலைப்படும் பெண்களை நிறையப் பார்க்கிறேன். தடிப்பு முதல் பாதியின் கணக்கு. ஏற்குமா ஏற்காதா என்பதை முடிவு செய்வது இரண்டாம் பாதியின் இந்த மாற்றங்கள், அவை ஸ்கேனில் தெரியாது.

நாளுக்கு நாள் நடக்கும் இந்த மாற்றத்தை வரிசைப்படுத்தி, சவ்வின் ஒரு துணுக்கை மைக்ரோஸ்கோப்பில் பார்த்தே அது சுழற்சியின் எத்தனையாவது நாள் என்று சொல்லும் முறையை 1950இல் நாய்ஸ், ஹெர்ட்டிக், ராக் மூவரும் வெளியிட்டார்கள். அதற்குப் பிறகு வந்த தலைமுறை டாக்டர்கள் இதை வைத்துத்தான் படித்தார்கள்.

திறந்திருக்கும் நாட்கள்

பாம்பன் கால்வாயைக் கடக்க வரும் கப்பல்களை நம் பக்கம் எல்லோரும் பார்த்திருப்போம். துறைமுக அலுவலகத்தில் பதிந்துவிட்டு, கடலில் நங்கூரம் போட்டுக் காத்துக் கிடக்கும். தூக்குப் பாலம் உயரும் நேரத்தில் கப்பல் பக்கத்தில் இருக்க வேண்டும், நீரோட்டமும் ஒத்து வர வேண்டும். பாலம் இறங்கிவிட்டால் எவ்வளவு நல்ல கப்பலானாலும் அடுத்த தடவைதான். கர்ப்பப்பையின் கதையும் இதுதான். 28 நாள் சுழற்சி என்றால் சுமார் 20ஆம் நாள் முதல் 24ஆம் நாள் வரை சவ்வின் மேற்பரப்பு கருவை ஒட்டவிடும். அதற்கு முன் வந்தால் ஒட்டாது, பின் வந்தாலும் ஒட்டாது.

கருவின் பக்கத்துப் பயணமும் இதற்குத் தக்கபடியே அமைந்திருக்கிறது. கருத்தரிப்பு கருக்குழாயில் நடக்கிறது. பிரிந்து பிரிந்து பெருகியபடி மூன்று நாள் குழாயிலேயே நகர்ந்து, நான்காம் நாள் போலக் கர்ப்பப்பைக்குள் வருகிறது. ஐந்தாம் ஆறாம் நாளில் உள்ளே நீர் கோத்த உருண்டையாகி, தன்னைச் சுற்றியிருந்த ஓட்டை உடைத்து வெளியே வருகிறது. அப்போது அதன் அளவு ஒரு மில்லிமீட்டரில் ஐந்தில் ஒரு பங்கு இருக்கும். அப்புறம் சவ்வைத் தொடுகிறது, ஒட்டுகிறது, உள்ளே புதைகிறது. பதிந்ததும் எச்.சி.ஜி. ஹார்மோனைச் சுரந்து, 'நான் வந்துவிட்டேன், நிறுத்தாதே' என்று கார்பஸ் லூட்டியத்துக்குத் தகவல் சொல்கிறது. மருந்துக்கடையில் வாங்கும் கார்டில் இரண்டாவது கோடு போடுவது இந்த எச்.சி.ஜி.தான்.

பதியும் நாள் எவ்வளவு முக்கியம் என்பதை 1999இல் ஆலன் வில்காக்ஸ் குழு வெளியிட்ட ஆய்வு காட்டுகிறது. பிள்ளைக்காக முயன்ற 221 பெண்களின் சிறுநீரைத் தினமும் சோதித்தார்கள். ஆறு வாரம் தாண்டி நின்ற கர்ப்பங்களில் 84 சதவீதம், கருமுட்டை வெளியாகி 8, 9, 10ஆம் நாட்களில் பதிந்தவை. ஒன்பதாம் நாளுக்குள் பதிந்தவற்றில் 13 சதவீதம் சீக்கிரமே கலைந்தன. 10ஆம் நாளில் பதிந்தவற்றில் 26, 11ஆம் நாளில் 52, அதற்கும் பிந்தினால் 82 சதவீதம். ஒரே நாள் வித்தியாசம் இப்படி ஏறுகிறது.

அதே குழு 1988இல் சொன்ன இன்னொரு கணக்கும் இங்கே வேண்டும். பதிந்த கர்ப்பங்களில் 31 சதவீதம் பிறகு கலைந்தன. மொத்தத்தில் 22 சதவீதம், கர்ப்பம் என்று யாருக்கும் தெரிவதற்கு முன்பே முடிந்தவை. நாலு நாள் தள்ளிப் போய் வந்த மாதவிடாய் என்றுதான் அந்தப் பெண்கள் நினைத்திருப்பார்கள்.

தங்கச்சிமடத்தில் பாசி எடுக்கப் போகும் ஒரு பெண் கேட்டது இதைத்தான். மரிக்கொழுந்து, கட்டக்கோரை என்ற கடல்பாசிகளை எடுக்க அமாவாசையை ஒட்டி ஆறு நாள், பௌர்ணமியை ஒட்டி ஆறு நாள் தீவுப் பக்கம் போகிறவர். விரல்களில் துணி சுற்றி, கண்ணாடி மாட்டி, மூச்சடக்கி மூழ்கிப் பறிக்கிற வேலை. "அக்கா, நாள் தள்ளிப் போயிருந்துச்சு. கார்டுல லேசா ரெண்டு கோடு விழுந்துச்சு. மூணாம் நாளே தூரமாயிட்டேன். கடல்ல எறங்குனதுதான் காரணம், புள்ளைய தண்ணி கொண்டு போயிருச்சுன்னு மாமியா சொல்றாங்க. அப்படியாக்கா?"

இல்லை. கடலில் இறங்கினால் கர்ப்பப்பைக்குள் தண்ணீர் போகாது. புரோஜெஸ்டிரோன் சுரக்கும் நாட்களில் கர்ப்பப்பை வாயைக் கெட்டியான சளி அடைத்துக்கொண்டிருக்கும். சின்னக் கருவாகக் கலைவதில் பாதிக்கு மேல், கருவின் குரோமோசோம் எண்ணிக்கையில் இருக்கும் பிசகால் நடக்கிறது. கருமுட்டையும் விந்தணுவும் உருவாகும்போதோ கரு முதலில் பிரியும்போதோ நேர்ந்துவிடும் பிசகு அது. ஓடியதாலோ, தூக்கியதாலோ, மூழ்கியதாலோ வருவதில்லை. கர்ப்பம் உறுதியான பின் மூச்சடக்கி மூழ்குவதை நிறுத்திக்கொள்வது நல்லது, அது வேறு விஷயம். தன் வேலையால் பிள்ளை போனது என்ற பழியை அந்தப் பெண் சுமக்க வேண்டியதில்லை.

ஏன் முன்கூட்டியே?

ஆட்டுக்கும் மாட்டுக்கும் மாதவிடாய் இல்லை. அநேகப் பாலூட்டிகளில் சவ்வு முழுமையாக மாறுவது கரு வந்து தொட்ட பிறகுதான். மனிதர்கள், குரங்கினத்தில் பல, சில வௌவால்கள், யானை மூஞ்சூறு, முள் சுண்டெலி வகை ஒன்று என ஒரு சிலவற்றில் மட்டும், கரு வந்தாலும் வராவிட்டாலும் சவ்வு தானாகவே மாறிவிடுகிறது. மாறிய செல்கள் பழைய நிலைக்குத் திரும்ப முடியாது. கரு இல்லையென்றால் அவற்றைக் களைவதைத் தவிர வழியில்லை. மாதவிடாய் வருவதற்குக் காரணம் இந்த முன்னேற்பாடு.

இப்படி முந்திக்கொள்ள என்ன அவசியம்? மனிதக் கரு ஆழமாகப் புதையக்கூடியது, தாயின் தமனிகளையே திறந்துவிடும். கருவுக்குப் பதிய ஒரு இடம் கிடைத்தால் போதும். கருக்குழாயில்கூடப் பதிந்துவிடுகிறது. அப்படிக் குழாயில் வளரும் கர்ப்பம் வெடித்தால் தாயின் உயிருக்கே ஆபத்து. நாள் தள்ளிப் போன பெண்ணுக்கு அடிவயிற்றில் ஒரு பக்கமாக வலி எடுத்தாலோ தலை சுற்றி விழுந்தாலோ, விடியட்டும் என்று காத்திருக்காமல் பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டும். தீவிலிருந்தோ கடற்கரைக் குக்கிராமத்திலிருந்தோ வருகிறவர்களுக்கு வழியில் போகும் நேரமும் சேர்ந்துவிடும் என்பதால் சொல்கிறேன்.

ஆக, நாள் பார்ப்பதும் இடம் பார்ப்பதும் கருவின் குணம் இல்லை, உட்சவ்வின் குணம். முன்கூட்டியே மாறி நிற்கும் அந்தச் செல்கள், பதிய வரும் கரு நல்ல நிலையில் இருக்கிறதா என்பதையும் உணர்கின்றன என்று இந்த நூற்றாண்டின் ஆய்வுகள் காட்டுகின்றன. தேறாத கருவிடமிருந்து வரும் ரசாயனச் சமிக்ஞைக்கு அவை ஆதரவை விலக்கிக்கொள்கின்றன. சீக்கிரமே கலையும் கர்ப்பங்களில் பல, கர்ப்பப்பை தன் வேலையை ஒழுங்காகச் செய்ததால் கலைந்தவை. பிள்ளை தங்காத கர்ப்பப்பை என்று பெண்ணைச் சொல்லும் வீடுகளில் இதை உட்கார வைத்துச் சொல்ல வேண்டும் போலிருக்கிறது எனக்கு.

கரு வராத மாதத்தில் நடப்பதைக் கண்ணால் பார்த்தவரும் உண்டு. 1940இல் ஜே.ஈ. மார்க்கீ என்ற அமெரிக்கர், பெண் குரங்குகளின் கர்ப்பப்பைச் சவ்வில் சின்னத் துணுக்கை எடுத்து, அதே குரங்கின் கண்ணின் முன்னறையில் வைத்தார். துணுக்கு அங்கே பிழைத்து, மாதச் சுழற்சியோடு வளர்ந்து கலைந்தது. கருவிழியின் கண்ணாடி வழியே அவர் அதைப் பார்த்துக்கொண்டே இருந்தார். புரோஜெஸ்டிரோன் இறங்கியதும் சவ்வு சுருங்குகிறது, சுருள் தமனிகள் இன்னும் நெருக்கிச் சுருள்கின்றன. ரத்தம் வருவதற்கு 4 முதல் 24 மணி நேரம் முன்பே அவை இறுகி அடைத்துக்கொள்கின்றன. ரத்தம் கிடைக்காத மேல் அடுக்கு நசிந்து, தமனிகள் மறுபடி தளரும்போது துண்டு துண்டாகக் கழன்று வருகிறது.

உட்சவ்வின் நேரத்தை மதித்த ஒரு டாக்டரைப் பற்றி இங்கே சொல்லாமல் போக மனம் வரவில்லை. கல்கத்தாவின் சுபாஷ் முகோபாத்யாய். உலகின் முதல் சோதனைக்குழாய்க் குழந்தை பிறந்து 70 நாளில், 1978 அக்டோபர் 3 அன்று, அவர் முயற்சியில் இந்தியாவின் முதல் சோதனைக்குழாய்க் குழந்தை பிறந்தது. முட்டைகளுக்காக ஊசி போட்ட மாதத்தில் ஹார்மோன்கள் தாறுமாறாக ஏறி உட்சவ்வு ஏற்கும் நிலையில் இருக்காது என்று எண்ணி, அவர் கருவை உறையவைத்து வேறொரு மாதத்தில் கர்ப்பப்பையில் வைத்தார். அன்று அவரை யாரும் நம்பவில்லை, ஒரு விசாரணைக் குழு அவமானப்படுத்தியது. 1981இல் தற்கொலை செய்துகொண்டார். இன்று உலகமெங்கும் பல மருத்துவமனைகள் அவர் செய்த மாதிரியேதான் கருவை உறையவைத்துப் பிந்திய மாதத்தில் வைக்கின்றன.

வீட்டுக் கணக்கு

கருமுட்டை எப்போதும் 14ஆம் நாளில் வெளியாகும் என்பது எல்லோருக்கும் பொருந்தாது. சுழற்சியில் நீளம் மாறுவது பெரும்பாலும் முதல் பாதி. பின்பாதி ஏறக்குறைய இரண்டு வாரம்தான். அதனால் அடுத்த மாதவிடாயிலிருந்து பின்னோக்கி 14 நாள் எண்ண வேண்டும். 35 நாள் சுழற்சி உள்ளவருக்கு 21ஆம் நாள் போல முட்டை வெளியாகும், சவ்வு திறப்பது 27ஆம் நாளுக்கு மேல். கர்ப்பம் உண்டாகக்கூடிய உறவு நாட்கள் முட்டை வெளியாகும் நாளோடு முடியும் ஆறு நாட்கள். பாசிக்குப் போகும் பெண்கள் அமாவாசை பௌர்ணமி பார்க்கும் அதே காலண்டரில் மாதவிடாய் தொடங்கும் தேதியையும் குறித்து வைக்கலாம். ஆனால் நிலவின் கணக்கு 29½ நாள். பெண்ணின் கணக்கு 24 முதல் 38 நாள் வரை ஆளுக்கு ஆள் மாறும். ஒன்றை வைத்து மற்றதைச் சொல்ல முடியாது.

குறை எதுவும் இல்லாத இளம் தம்பதிக்கே ஒரு மாதத்தில் கர்ப்பம் தங்க வாய்ப்பு நாலில் ஒன்று அல்லது ஐந்தில் ஒன்றுதான். அதனால்தான் ஒரு வருஷம் சேர்ந்து வாழ்ந்தும் ஆகவில்லை என்றால் மட்டுமே பரிசோதனை, பெண்ணுக்கு 35 வயது தாண்டியிருந்தால் ஆறு மாதம் என்று வைத்திருக்கிறார்கள். கீழக்கரையிலும் தேவிபட்டினத்திலும் மாப்பிள்ளை வளைகுடா நாட்டிலிருந்து வருஷத்துக்கு ஒரு மாத விடுப்பில் வந்து போயிருப்பார். கல்யாணமாகி மூன்று வருஷம் என்று ஊர் எண்ணும். அந்தப் பெண்ணுக்குக் கிடைத்தது மூன்றே மூன்று சுழற்சி. ராமேஸ்வரத்தில் கணவன் இலங்கைச் சிறையில் கிடந்த மாதங்களையும் சேர்த்து எண்ணுகிறவர்கள் இருக்கிறார்கள். அந்த மாதங்களைக் கழித்துவிட்டு எண்ண வேண்டும். திருப்புல்லாணிக்குப் போய்ப் பாயசம் வாங்கிச் சாப்பிட்டு வேண்டிக்கொள்ளலாம், அதில் ஒன்றும் தவறில்லை. நாட்கணக்கையும் கூடவே சரியாக வைத்துக்கொள்ள வேண்டும், அவ்வளவுதான்.

உட்சவ்வு உண்மையிலேயே கெட்டுப்போகும் காரணங்களில் நம் நாட்டில் கவனிக்க வேண்டியது காசநோய். நுரையீரலில் ஒன்றும் தெரியாமலே அது கருக்குழாயையும் உட்சவ்வையும் அரித்து ஒட்டவைத்துவிடும். மாதவிடாய் மாதத்துக்கு மாதம் குறைந்துகொண்டே போனால் இதைச் சோதிக்கச் சொல்ல வேண்டும். மருந்து அரசு ஆஸ்பத்திரியில் இலவசம். கருக்கலைப்புக்குத் தகுதியில்லாதவரிடம் போய்ச் சுரண்டிக்கொள்வது இன்னொன்று. அடி அடுக்கு வரை சுரண்டினால் அது மறுபடி வளராது.

இன்னொரு பக்கம், மதுரையிலும் சென்னையிலும் உட்சவ்வைக் கீறிவிடுவது, துணுக்கெடுத்துத் திறக்கும் நாளைக் கண்டுபிடிப்பது என்றெல்லாம் தனிக் கட்டணத்துக்குச் சொல்கிறார்கள். கீறுவதால் பலன் இல்லை என்று 1,364 பெண்களை வைத்து நடத்திய சோதனை 2019இல் காட்டிவிட்டது. துணுக்கெடுத்து நாள் குறிப்பதும் குழந்தைப் பிறப்பைக் கூட்டவில்லை என்று 2022இல் வந்த பெரிய ஆய்வு சொன்னது. கருவை வைத்த பிறகு அசையாமல் படுத்துக் கிடப்பதாலும் நன்மை இல்லை. படகை அடகு வைத்து இவற்றுக்குப் பணம் கட்டுமுன், எதற்கு என்று கேட்கும் உரிமை உங்களுக்கு உண்டு.

இரண்டு தடவையோ அதற்கு மேலோ கலைந்திருந்தால் மட்டும் காரணம் தேடிப் பார்க்க வேண்டும். கர்ப்பமே தங்கவில்லை என்றால் பெண்ணோடு ஆணும் அதே நாளில் ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். குழந்தையின்மையில் ஏறக்குறைய பாதி இடங்களில் ஆணின் பங்கும் இருக்கிறது. விந்தணுச் சோதனைக்கு ஊசி இல்லை, கத்தி இல்லை, செலவும் குறைவு. பெண்ணுக்குக் குழாய்ச் சோதனையும் சவ்வுத் துணுக்கும் எடுக்க எழுதித் தருகிற சீட்டில், அதுதான் முதல் வரியாக இருக்க வேண்டும்.